டக்கெட்டின் கசப்பு மருந்து

ஹைரம் டக்கெட்டின் முகம் அமெரிக்காவின் ஒஹையோ மாநிலத்தில் பாதி வீடுகளில் இருந்தது. ஈரல் கோளாறு, அசதி, பெண்களின் மனச்சோர்வு என எல்லாவற்றுக்கும் அவர் விற்ற கசப்பு மருந்தின் புட்டியில், அடர்ந்த தாடியோடு அவர் படம் ஒட்டியிருக்கும். அந்த முகத்தை வைத்தே கட்சிக்காரர்கள் அவரை மேயராக்கினார்கள், பிறகு மாநில செனட்டுக்கு அனுப்பினார்கள். யாருக்கும் புதிதாக அறிமுகம் செய்ய வேண்டியதில்லை பாருங்கள்.

அவருக்குத்தான் அலுத்துப்போனது. கால்வாயைத் தூர்வாருவது பற்றி மேடையில் தொண்டை கிழியப் பேசிவிட்டு இறங்கினால், யாராவது ஒரு விவசாயி கையைப் பிடித்துக்கொள்வார்.

"டாக்டரே, பேச்சு பிரமாதம். இந்த இடுப்புப் பிடிப்புக்கு எத்தன கரண்டி குடிக்கணும்?"

"நான் டாக்டர் இல்லீங்க. தகர வேலை பாத்தவன்."

"அடடா, என்ன அடக்கம்!"

மருந்தில் பாதி சாராயம். மிச்சம் கசப்பு வேரும் ஆரஞ்சுத் தோலும் கருக்கிய சர்க்கரையும். அது அவருக்கும் காய்ச்சுகிற ஆட்களுக்கும் மட்டுமே தெரியும். ஊரில் அதை அதிகம் வாங்கியவர்கள் மதுவிலக்குச் சங்கத்துப் பெண்கள். சங்கத் தலைவி கார்டீலியா விப்பிள், சாராயக் கடை வாசலில் மண்டியிட்டு ஜெபம் செய்துவிட்டு வந்ததும், தொண்டைக்கு இதமாக இரண்டு கரண்டி குடிப்பாள். தேர்தல் சமயத்தில் டக்கெட்டுக்காக வீடு வீடாகப் போய்ப் பேசியதும் அவள்தான்.

வீட்டில் மனைவி அல்மீரா. மகன் ஓட்டிஸ் தொண்டை அடைப்பான் நோயில் இறந்ததிலிருந்து அவளும் குடித்துவந்தாள். கரண்டி போய்க் கிண்ணம் வந்தது. மத்தியானத்திலேயே சோபாவில் சாய்ந்துவிடுவாள். டக்கெட் எதுவும் சொன்னதில்லை. சொன்னால் ஏன் என்று கேட்பாள்.

அந்தக் குளிர்காலத்தில் செனட்டுக்கு ஒரு மசோதா வந்தது. மருந்தில் சாராயம் எவ்வளவு என்று புட்டியிலேயே அச்சடிக்க வேண்டும். மருந்து வியாபாரிகள் அவரைத் தேடி வந்தார்கள்.

"நீங்க எதிர்த்து ஓட்டுப் போட்டா போதும், டக்கெட். அது அங்கயே செத்துடும்."

சரி என்றுதான் தலையாட்டினார். அந்த ஞாயிற்றுக்கிழமை சாப்பாட்டில் அல்மீரா இறைச்சிக் குழம்பைத் தட்டில் ஊற்றுவதாக நினைத்து மேஜைத்துணியில் ஊற்றினாள். பிறகு வெறும் தட்டிலிருந்து ஸ்பூனால் எடுத்து எடுத்துச் சாப்பிட்டாள். அவர் கடைசிவரை உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

மறுநாள் மசோதாவுக்கு ஆதரவாக ஓட்டுப் போட்டார். ஒரே ஓட்டு வித்தியாசத்தில் அது நிறைவேறியது.

புதிய லேபிள் கடைக்கு வந்த அன்றைக்கே கார்டீலியா அவரைத் தெருவில் மறித்தாள்.

"எங்களக் குடிகாரிங்களா ஆக்கிட்டீங்களே!"

"இன்னிக்கு ஆக்கலம்மா. ரொம்ப வருஷமாச்சு."

அடுத்த தேர்தலில் படுதோல்வி. அதற்கு முன்பே மருந்தை வாங்க ஆளில்லை. கடைசிச் சரக்கைச் சாக்கடையில் கொட்டச் சொல்லிவிட்டுத் தொழிற்சாலையைப் பூட்டினார்.

மருந்து நின்றுபோனதால் அல்மீரா படுக்கையில் உடம்பெல்லாம் நடுங்கக் கிடந்தாள்.

"உங்களுக்கு மொதல்லேருந்தே தெரியுமா?"

"தெரியும்."

"ஓட்டிஸ அடக்கம் பண்ணிட்டு வந்த அன்னிக்கு, மொதக் கரண்டிய நீங்கதான ஊட்டினீங்க?"

அவர் எழுந்து போகவில்லை. கோழி சூப்பை வாயில் விட்டார், அவள் துப்பினாள், துடைத்துவிட்டு மறுபடி விட்டார்.

ஒருநாள் காலை சமையலறைக் கதவை யாரோ தட்டினார்கள். சால்வையால் தலையை மூடிக்கொண்டு கார்டீலியா நின்றிருந்தாள்.

"பழைய சரக்கு ஏதாவது… லேபிள் இல்லாம இருக்குமா?"

"எல்லாத்தையும் கொட்டிட்டேன்மா."

அவள் நகரவில்லை. உள்ளேயிருந்து அல்மீராவின் குரல் வந்தது. "யாரது?"

"திருமதி விப்பிள்."

"உள்ள வரச் சொல்லுங்க. அங்க நின்னா இன்னும் நடுங்கும்."

டக்கெட் அடுப்புப் பக்கம் நாற்காலி போட்டு, அல்மீராவையும் மெல்லக் கூட்டிவந்து உட்காரவைத்தார். இருவரும் ஒருவரையொருவர் பார்க்காமல் சூப் குடித்தார்கள். மறுநாளும் கார்டீலியா வந்தாள். பனி உருகும்வரை வந்தாள்.

வசந்தத்தில் அல்மீரா எழுந்து நடமாடினாள். கார்டீலியாவோடு கைகோர்த்துத் தேவாலயத்துக்குப் போனாள். டக்கெட் சற்றுப் பின்னால் போனார். தன்னோடு சேர்ந்து நடக்க அல்மீரா அவரைக் கூப்பிடவில்லை. திரும்பிப் போகச் சொல்லவும் இல்லை.