சின்னவனின் ட்ராக்

சாவு வீட்டில் வாய்க்கு வந்ததைச் சொல்லக் கூடாது. ஆறுதலுக்கு என்று அள்ளி விடுகிற வார்த்தைதான் பின்னால் வந்து கழுத்தைப் பிடிக்கும். பெரியவன் அப்படித்தான் மாட்டிக்கொண்டான். தம்பியைச் சுடுகாட்டுக்குக் கொண்டுபோய் விட்டுவிட்டு வந்த சாயங்காலம், அம்மா சுவரில் சாய்ந்து உட்கார்ந்துகொண்டு, "இனிமே அவன் குரலை எங்கடா கேப்பேன்? அவன் குரலை எங்கடா கேப்பேன்?" என்று அதையே திருப்பித் திருப்பிச் சொல்லி அழுதாள். அவனால் பொறுக்க முடியவில்லை. "அழாதம்மா. அவன் குரல் எங்கிட்ட இருக்கு. மணிக்கணக்குல இருக்கு. அவன் கேம் ஆடினது, பேசினது எல்லாம் கம்ப்யூட்டர்ல பதிவாயிருக்கு" என்று சொல்லிவிட்டான். அம்மா அழுகையை நிறுத்திவிட்டு அவன் முகத்தையே பார்த்தாள். அதுவரை பச்சைத் தண்ணீர் பல்லில் படாதவள், அதற்குப் பிறகு ஒரு வாய் சோறு சாப்பிட்டாள்.

அவன் ஒன்றும் பொய் சொல்லவில்லை. உண்மை என்று நம்பித்தான் சொன்னான். பாவி மகன், ஒரு தடவை திறந்து பார்த்துவிட்டுச் சொல்லியிருக்கக் கூடாதா?

அம்மா ஏன் அப்படிக் குரலுக்கு அடித்துக்கொண்டாள் என்றால், சின்னவனுக்குத் திக்குவாய். சொல்லின் முதல் எழுத்திலேயே மாட்டிக்கொள்வான். கழுத்து நரம்பு புடைக்கும், கண் இறுகும், சொல் வராது. எதிரில் நிற்பவன் சிரிப்பை அடக்குவது அவனுக்குத் தெரியும். அதனால் போனில் குரல் பதிந்து யாருக்கும் ஒரு செய்தி அனுப்பியதில்லை. எழுதித்தான் அனுப்புவான், அதற்கும் சோம்பேறித்தனம் வந்தால் ஒரு எமோஜி பொம்மை. சொந்தக்காரர்கள் கல்யாண வீடியோவில் எல்லாம் இருக்கிறான். கேமரா பக்கத்தில் வந்தால் அழகாகச் சிரிப்பான், வாயை மட்டும் திறக்க மாட்டான். வேறு ஊரில் ஒரு பார்சல் கிடங்கில் வேலை. பெல்ட் ஓடுகிற இரைச்சலில் அங்கே யாரும் யாரிடமும் பேச முடியாது. அதற்காகவே அந்த வேலை அவனுக்குப் பிடித்திருந்தது. ஷிஃப்ட் முடிந்து பைக்கில் அறைக்குத் திரும்பும்போது முக்கில் லாரி திரும்பியது. அவ்வளவுதான், ஆள் போய்விட்டான்.

அம்மாவிடம் மட்டும் தினமும் போனில் பேசுவான். அவள் ஸ்பீக்கரில் போட்டுவிட்டு, துணி மடித்துக்கொண்டே கேட்பாள். அவன் ஒரு சொல்லில் சிக்கி நின்றால் அவளும் மடிக்கிற சட்டையோடு அப்படியே நிற்பாள். "அவசரமே இல்லடா கண்ணு. நீ மெதுவா சொல்லு." அவன் சொல்லி முடித்த பிறகுதான் அடுத்த சட்டையை எடுப்பாள். அதையெல்லாம் பதிந்து வைக்கவேண்டும் என்று யாருக்குத் தோன்றும்?

அம்மாவை விட்டால் அவன் வாயைத் திறந்தது அண்ணனிடம்தான், அதுவும் கேம் ஆடும்போதுதான். பெரியவனுக்கு செல்போன் சர்வீஸ் கடையில் வேலை. கடை முடிந்து வந்ததும் ஹெட்செட்டை மாட்டிக்கொண்டு உட்கார்ந்துவிடுவான். அந்த ஊரில் தம்பி, இந்த ஊரில் அண்ணன், திரையில் இரண்டு பேரும் ஒரே அணி. கை வேகம் எல்லாம் தம்பிக்கு, வாய் வேகம் அண்ணனுக்கு. அந்த வாயை நம்பித்தான் பெரியவன் ஆட்டத்தை நேரலையில் காட்ட ஆரம்பித்தான். கேம் ஆடுகிற கன்சோலுக்கும் டிவிக்கும் நடுவில் சோப்பு டப்பா அளவுக்கு ஒரு பெட்டி, அதுதான் கேப்சர் கார்டு. கன்சோலிலிருந்து டிவிக்குப் போகிற படத்தையும் சத்தத்தையும் அது ஒரு நகல் எடுத்துக் கம்ப்யூட்டருக்குக் கொடுக்கும். கம்ப்யூட்டர் அதைப் பார்க்கிற ஜனங்களுக்கும் அனுப்பும், தன்னிடமும் பதிந்து வைத்துக்கொள்ளும்.

ஆரம்பத்தில் தம்பியின் குரலும் ஆட்டத்தின் சத்தத்தோடு கலந்து ஜனங்களுக்குப் போனது. வந்தது வினை. எவனோ ஒருத்தன், "யாருப்பா அது, நெட் கட்டாகுதா?" என்று கமெண்ட் போட்டான். இன்னொருத்தன் "ப்ப்ப்ப்ப்ப" என்று ஒரு வரி முழுக்க அடித்து வைத்தான். அதற்குக் கீழே வரிசையாகச் சிரிப்புப் பொம்மைகள். பெரியவனுக்கு ரத்தம் கொதித்தது. தம்பி கண்ணில் படக் கூடாது என்று அந்த வீடியோக்களை நெட்டிலும் கம்ப்யூட்டரிலும் ஒன்று விடாமல் அழித்தான். கன்சோலில் போய், கூட ஆடுகிறவர்களின் பேச்சு ஹெட்செட்டுக்கு மட்டும் வந்தால் போதும் என்று மாற்றினான். இனிமேல் கேப்சர் கார்டுக்கு ஆட்டத்தின் சத்தம் மட்டும்தான் போகும்.

"உன் குரல் ஜனங்களுக்குப் போகாதுடா. ஆனா நமக்குன்னு ரெக்கார்டிங்ல தனியா இருக்கும், அதுக்கு நான் கேரண்டி" என்றான் தம்பியிடம்.

"ச... ச... சரிண்ணா" என்றான் அவன்.

சொன்ன சொல்லுக்கு ஒரு கேபிளும் வாங்கினான். ஹெட்செட்டிலிருந்து கிளை பிரிந்து, தம்பியின் பேச்சை மட்டும் தனியாகக் கம்ப்யூட்டருக்குக் கொண்டுபோகிற கேபிள். பதிகிற மென்பொருளில் அதற்கென்று ஒரு ட்ராக், அதாவது தனி ஒலித்தடம் திறந்து, 'சின்னவன்' என்று பெயரும் வைத்தான். அன்றைக்குத் தம்பியின் குரல் காதில் கணீரென்று கேட்டது. காதில் கேட்கிறது, அப்புறம் என்ன என்று இருந்துவிட்டான். இந்த வேலையில் இறங்குகிறவர்கள் விழுகிற பள்ளமே அதுதான். காதுக்கு வருகிற வழி வேறு, பெட்டிக்குப் போகிற வழி வேறு. பதிந்ததை யார் உட்கார்ந்து பார்க்கிறார்கள்? டிஸ்க் நிறைந்தது, இன்னொன்று வாங்கினான், அதுவும் நிறைந்தது.

வந்திருந்த உறவெல்லாம் ஊர் போய்ச் சேர்ந்த பிறகுதான் பெரியவன் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்தான். கடைசி ஆட்டத்தைத் திறந்தான். ஆட்டத்தின் ட்ராக்கில் வெடிச்சத்தம் எல்லாம் தடிமனாக ஏறி இறங்கியது. அவன் குரலின் ட்ராக் மேடும் பள்ளமுமாக இருந்தது. 'சின்னவன்' என்ற ட்ராக் மட்டும் கோடு கிழித்த மாதிரி நேராகப் போனது, அதில் ஒரு சத்தமும் இல்லை. சரி, இது ஏதோ கோளாறு என்று அடுத்ததைத் திறந்தான். அதிலும் நேர்கோடு. அதற்கு முந்தியதிலும் அப்படியே. போனில் டார்ச்சைப் போட்டுக்கொண்டு மேசைக்கு அடியில் படுத்து, கம்ப்யூட்டரின் பின்பக்கத்தைப் பார்த்தான்.

கேபிள் பச்சைத் துளையில் செருகியிருந்தது. பச்சை, சத்தம் வெளியே போகிற வழி. உள்ளே வாங்குவது பக்கத்தில் இருக்கிற ரோஸ் துளை. அது தூசி படிந்து காலியாகக் கிடந்தது. கேட்டீர்களா கூத்தை? ஊரான் போனையெல்லாம் பிரித்து மேய்கிறவன், அழிந்துபோன போட்டோவை மீட்டுக் கொடுப்பதில் பேர் எடுத்தவன், தன் வீட்டில் ஒரு துளை தள்ளிச் செருகியிருக்கிறான். மேசைக்கு அடியிலேயே கிடந்து, வாயில் துண்டைத் திணித்துக்கொண்டு அழுதான்.

அழித்த பழைய வீடியோக்களையாவது மீட்கலாம் என்று தனக்குத் தெரிந்த வித்தையை எல்லாம் காட்டிப் பார்த்தான். அந்த இடத்தின் மேலேயே புதிது புதிதாகப் பதிந்திருந்தது. ஒன்றும் தேறவில்லை.

இதற்குள் அம்மா தினமும் கதவண்டை வந்து நிற்க ஆரம்பித்துவிட்டாள். "எப்படா போடப்போற?"

"சரி பண்ணிட்டிருக்கேன்மா."

"பண்ணு, பண்ணு. அவசரமில்ல." சொல்லிவிட்டுப் போய், எதிர்வீட்டுக்காரியிடம், "என் சின்னவன் குரல் இருக்கு. பெரியவன் பத்திரமா எடுத்து வெச்சிருக்கான்" என்று அவள் பெருமையாகச் சொல்வது இவன் காதில் விழும். செத்துவிடலாம் போலிருக்கும் அவனுக்கு.

அப்படியே ஒரு நாள், வேறு வழி தெரியாமல், தன் குரல் ட்ராக்கை மட்டும் தனியாக வைத்துச் சத்தத்தைக் கூட்டிக் கேட்டுக்கொண்டிருந்தான். அவன் கத்துகிற கத்தலுக்கு அடியில் எங்கேயோ ஒரு சின்னக் குரல். "அ... அ... அண்ணா." தூக்கிவாரிப் போட்டது. ஹெட்செட்டை எப்போதும் அலற வைத்துத்தான் ஆடுவான். காதிலிருந்து கசிந்த தம்பியின் குரல், வாய்க்கு முன்னால் இருக்கிற மைக்கில் விழுந்திருக்கிறது!

"ஏய், இங்க வா! ஓடி வா! கேளு!" என்று மனைவியைக் கூப்பிட்டான். அவள் ஈரக் கையோடு வந்து குனிந்து கேட்டாள். "ஐயோ, தம்பி குரல்!" என்று வாயைப் பொத்திக்கொண்டாள். அந்த நிமிஷமே குரல் பட்டென்று அறுந்தது. இரைச்சல்கூட இல்லை, சுத்தமான மௌனம்.

ஏன் என்று அவனுக்கு உடனே விளங்கிவிட்டது. விளங்காமல் இருந்திருந்தால்கூடத் தேவலை. ஃபேன் சத்தம், குக்கர் விசில், கூடத்தில் அம்மா வைக்கிற டிவி எதுவும் ஜனங்களுக்குப் போகக் கூடாது என்று மென்பொருளிலேயே மைக்குக்கு அவன் ஒரு கதவு வைத்திருந்தான். அவன் வாய் திறந்தால் அந்தக் கதவு திறக்கும், அவன் வாய் மூடினால் மூடிவிடும். ஆக, அவன் சும்மா இருந்து தம்பி பேசிய பேச்சு முழுக்கப் போச்சு. அவன் குறுக்கே பேசிய இடத்தில் மட்டும்தான் தம்பி கொஞ்சம் மிச்சம் இருக்கிறான்.

அவன் எப்போது குறுக்கே பேசுவான்? தம்பி திக்கும்போதுதான். பாவம், தவிக்கிறானே, நாமே சொல்லி முடித்துவிடுவோம் என்றுதான். அது உதவி என்றே இத்தனை காலம் நினைத்திருந்தான்.

"மே... மே..."

"மேல போகலாமா? வேணாம், வேணாம். கீழ வா."

"எ... எனக்கு..."

"உனக்குத் தோட்டா இல்ல. அதானே? தெரியுது, எடுத்துக்கோ."

ஒவ்வொரு ஆட்டமாகத் தேடினான். எங்கே தொட்டாலும் இதே கதை. கடைசி ஆட்டத்தின் கடைசியில் வந்து நின்றான்.

"அ... அண்ணா, நா... நா..."

"நாளைக்கு ஷிஃப்டு. அதானே? இன்னும் ஒரே ஒரு ஆட்டம்டா, ஆடிட்டுப் போ."

கதவு மூடியது.

மனைவி நிமிர்ந்தாள். "ஏங்க, தம்பி அதையா சொல்ல வந்துச்சு?"

அவனுக்குத் தெரியவில்லை. அன்றைக்குத் தம்பி என்ன பதில் சொன்னான் என்று யோசித்து யோசித்துப் பார்த்தான். சரிண்ணா என்றுதான் சொல்லியிருப்பான். வேறென்ன சொல்வான், எப்போதும் அதைத்தானே சொல்வான்.

டிஸ்க் போய்விட்டது என்று அம்மாவிடம் சொல்லிவிடுவதென்று முடிவு செய்தான். முகம் கழுவும்போதெல்லாம் கண்ணாடி முன்னால் நின்று சொல்லிப் பார்த்துக்கொண்டான். ஆனாலும் கை சும்மா இருக்கவில்லை. கிடைத்த துண்டுகளை எல்லாம் வெட்டி, ஒன்றன்பின் ஒன்றாக ஒட்டி வைத்தான். தன் குரலைக் குறைத்தால் தம்பியும் குறைந்தான். தம்பியைக் கூட்டினால் இவன் இரண்டு மடங்கு கத்தினான். இருவரையும் பிரிக்க முடியவில்லை.

ஒரு மத்தியானம் அம்மா பிளாஸ்டிக் நாற்காலியைத் தானே இழுத்துக்கொண்டு அவன் அறைக்குள் வந்துவிட்டாள். தலை வாரிப் புடவை மாற்றியிருந்தாள். மூக்குக் கண்ணாடியை முந்தானையில் துடைத்துப் போட்டுக்கொண்டாள்.

"கேக்கிறதுக்குக் கண்ணாடி எதுக்கும்மா?" என்றான், வாயில் வந்ததை.

"இருக்கட்டும்டா." நாற்காலியில் நன்றாகச் சாய்ந்து உட்கார்ந்தாள். "எவ்ளோ நேரம் ஆனாலும் எனக்குப் பரவால்ல. அவனை அவசரப்படுத்தினாத்தான் அவனுக்கு வராது."

டிஸ்க் என்கிற சொல் அவன் தொண்டையிலேயே நின்றுவிட்டது. எவ்வளவு முக்கியும் வரவில்லை. ஹெட்செட்டை எடுத்து, அவள் காதில் மெதுவாக வைத்தான். "குரல் சின்னதாத்தாம்மா கேக்கும். என் குரலும் கூடவே வரும்" என்றான். அவள் அதைக் காதில் வாங்கவில்லை. ஓட விட்டான்.

முதல் துண்டிலேயே அவள் முகம் மலர்ந்துவிட்டது. "அவன்தான்! என் தங்கம்! அண்ணான்னு கூப்பிடுறான்டா!" காது அடைத்திருந்ததால் வீடே கேட்கும்படி கத்தினாள். வாசலில் நின்ற மருமகள் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள். அம்மா கையைத் தூக்கி, மெதுவா, மெதுவா என்பதுபோலத் திரைக்கு நேரே ஆட்டினாள். போனில் பேசும்போதும் அப்படித்தான் ஆட்டுவாள். உதட்டைக் குவித்துக்கொண்டு, அவன் சொல்லி முடிப்பதற்காகக் காத்திருந்தாள்.

அடுத்த துண்டு வந்தது, போனது. அதற்கடுத்ததும் போனது. தூக்கிய கை அந்தரத்தில் நின்றது. புருவம் சுருங்கியது. முன்னால் நகர்ந்து, இரண்டு கையாலும் ஹெட்செட்டைக் காதோடு அழுத்திக்கொண்டாள். கடைசி ஆட்டத்தின் துண்டு ஓடிக்கொண்டிருப்பதைப் பெரியவன் திரையில் பார்த்தான். நிறுத்திவிடலாம் என்று மவுஸுக்குக் கையைக் கொண்டுபோனான். அம்மா அந்தக் கையைப் பிடித்துத் தள்ளிவிட்டாள்.

"டேய் பெரியவனே," என்றாள் அம்மா. அவனைப் பார்த்து அல்ல, திரையைப் பார்த்து. கோபம்கூட இல்லை, சின்ன வயதில் இருவரையும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார வைத்துச் சோறு போடும்போது சொல்கிற அதே குரல். "நீ கொஞ்சம் வாயை மூடுறியா? அவன் ஏதோ சொல்ல வர்றான். சொல்லி முடிக்கட்டும்."

பெரியவன் வாயைத் திறக்கவே இல்லை. ஹெட்செட்டுக்குள் அவன் பேசிக்கொண்டேதான் இருந்தான்.