மெத்தைக்காரரின் மூக்கு

மார்ச் ஏழாம் தேதி காலை, ஆற்றுப் பாலத்தைத் தாண்டியதும் ஒரு சரக்கு ரயில் தடம் புரண்டது. ரசாயனம் ஏற்றிய டேங்கர்கள் மூன்று தீப்பிடித்தன. தீ அணைய நான்கு நாள் ஆயிற்று.

பாலத்திலிருந்து கூப்பிடு தூரத்தில் மெத்தைக்காரரின் கடை. முன்பக்கம் கடை, பின்பக்கம் வீடு. கரும்புகை தெருவுக்குள் இறங்கியபோது போலீஸ்காரர்கள் கதவைத் தட்டி, போட்டது போட்டபடி எல்லோரையும் கிளப்பினார்கள். மெத்தைக்காரரும் மனைவியும் ஒரு பள்ளிக்கூட வகுப்பறையில், குட்டி பெஞ்சுகளுக்கு நடுவே மூன்று வாரம் படுத்துக் கிடந்தார்கள். திரும்பி வந்தபோது ஆற்றில் செத்து மிதந்த மீன்களை அள்ளி முடித்திருந்தார்கள். குழாய்களுக்கு சீல் வைத்துவிட்டு, குடிக்க லாரியில் தண்ணீர் கொடுத்தார்கள். கையடக்கக் கருவியோடு ஓர் அதிகாரி கடைக்குள் வந்து, நாலு மூலையிலும் அதை நீட்டிப் பார்த்தார்.

“காத்து சுத்தமா இருக்கு. தாராளமா புழங்குங்க.”

மெத்தைக்காரரின் மனைவிக்கு மட்டும் நாற்றம் போகவில்லை.

அது காற்றில் இல்லை, தலையணையில் இருந்தது. அதுவும் தலை வைத்துக் கொஞ்ச நேரமாகி, பஞ்சு உடம்புச் சூட்டில் வெதுவெதுப்பான பிறகுதான் கிளம்பும். அழுகிய பழத்தைப் பெயின்ட்டில் முக்கியதுபோல் ஒரு திகட்டல். சொன்னாள். அதிகாரி ஒரு தலையணையை எடுத்து மேலோட்டமாக முகர்ந்துவிட்டு, “பயந்து போயிருக்கீங்கம்மா, போகப்போக சரியாயிடும்” என்றார். அக்கம்பக்கத்தாரும் முகர்ந்து உதட்டைப் பிதுக்கினார்கள்.

முகராதவர் மெத்தைக்காரர் மட்டும்தான். சின்ன வயதில் வந்த காய்ச்சலோடு அவருக்கு மோப்பம் போனது போனதுதான். அடுப்பில் பால் கருகினாலும் தெரியாது. கல்யாணமான நாள் முதல் அவர் மூக்குக்கும் சேர்த்து அவள்தான்.

“இந்தச் சட்டையை இன்னொரு நாள் போடலாமா?”

“போடுங்க. பஸ்ல உங்களுக்கு உடனே சீட் கிடைக்கும்.”

புகைக்கு முதல் நாள்தான் ஒரு பெரிய ஆர்டரைத் தைத்து முடித்திருந்தார். வேலைக்குப் போகும் தாய்மார் பிள்ளைகளை விட்டுச் செல்லும் காப்பகத்துக்கு, அலமாரி நிறையக் குட்டித் தலையணைகள். மனைவி சொன்ன பிறகு அவற்றை மொட்டைமாடியில் வெயிலுக்குப் போட்டார். தினமும் சாயங்காலம் ஒன்றை மடியில் வைத்துச் சூடேற்றி, அவளிடம் நீட்டுவார்.

“இப்ப?”

இன்னும் இருக்கிறது என்று அவள் தலையாட்டுவாள். அவர் அதைத் திரும்ப அடுக்கிவிடுவார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அவளுடைய தம்பி வேனோடு வந்தான், சரக்கை ஏற்றிப் போக.

“மாமா, மூக்கு இருக்கிறவன் எல்லாம் நாத்தம் இல்லங்கறான். மூக்கே இல்லாத நீங்க இருக்குங்கறீங்க. கேக்கிறவன் சிரிக்க மாட்டானா?”

“என் மூக்கு உங்க அக்கா முகத்துல இருக்கு மாப்ளே. நான் என்ன பண்ண?”

தம்பி சமையலறைக்கு வந்து குரலைத் தணித்தான். “அக்கா, இதுவும் போச்சுன்னா கடையை இழுத்து மூட வேண்டியதுதான். இந்த வயசுல மாமாவை யாரு வேலைக்கு வெச்சுப்பா? எல்லாம் உன் ஒரு வார்த்தையில இருக்கு.”

கதவிடுக்கில் கணவர் தெரிந்தார். ஒரு குட்டித் தலையணையின் தையலை விரலால் நீவிக்கொண்டிருந்தார், பிள்ளையின் முதுகை நீவுவதுபோல. ஊரே இல்லை என்கிறது. ஒருவேளை பயம்தானோ?

அவள் வெளியே வந்தாள். அவர் மடியிலிருந்ததை எடுத்து நீட்டினார்.

“இப்ப?”

முகத்தைப் புதைத்தாள். வந்தது. அதே திகட்டல், தொண்டை வரை.

“இல்லைங்க. போயிடுச்சு.”

தம்பி ஒரு மூட்டையைத் தூக்கித் தோளில் போட்டான். மெத்தைக்காரர் அவளையே பார்த்தார்.

“கீழ வை மாப்ளே.”

“அதான் அக்காவே சொல்லிடுச்சே!”

“வாய் சொல்லுச்சு.” ஊசி குத்திக் காய்த்துப்போன விரலால் அவள் மூக்கின் இடப்பக்கத்தைத் தொட்டார். “நாத்தம்னா இங்க ஒரு சுருக்கம் விழும். பால் எப்படின்னு இவகிட்ட கேப்பேன், ஆனா இந்த இடத்தைத்தான் பாப்பேன். எந்தக் காலத்துல இவ வாயை நம்பினேன்?”

இத்தனை வருஷமாகத் தன் முகத்தில் இப்படி ஒரு காவல் இருந்தது அவளுக்குத் தெரியாது. சிரிப்பு வந்தது, கண்ணும் நிறைந்தது.

“கடை என்னங்க ஆகும்?”

“தெரியல. சின்னப் பிள்ளைங்க தலை வைக்கிறதும்மா. படுத்தா சூடாகும்ல?”

தம்பி மூட்டைமேல் உட்கார்ந்தான். பிறகு ஒரு தலையணையை எடுத்து அக்குளில் இடுக்கிக்கொண்டு காத்திருந்தான். எடுத்து முகர்ந்தான்.

“ஏதாவது தெரியுதாடா?” என்றாள்.

“என் நாத்தம்தான் தெரியுது. போங்க ரெண்டு பேரும்” என்றவன், தூக்கிய மூட்டையை உள்ளே கொண்டுபோய் வைத்தான்.

மறுநாள் காப்பகத்துக்குப் போன் செய்து ஆர்டரை ரத்து செய்தார்கள். அந்த வாரம் கழிவு அள்ளும் லாரி, கடையிலிருந்த பஞ்சு அனைத்தையும் ஏற்றிச் சென்றது. மே மாதம் கடை மூடப்பட்டது. மெத்தைக்காரர் இப்போது மச்சினன் வேன் நிறுத்தும் ஒர்க்‌ஷாப்பில் பஸ் சீட்டுகளுக்கு உறை தைக்கிறார்.