ரவ்ஷன் அனுப்பிய அட்டவணை

ஞாயிற்றுக்கிழமை மதியம், அடுப்பில் புலாவ் வெந்துகொண்டிருந்தபோது என் கணவரிடமிருந்து அந்த அட்டவணை வந்தது. வெளிநாட்டில் இருக்கும் கணவன்மார்கள் மனைவிக்கு ரோஜாப்பூப் படம் அனுப்புவார்கள், பாட்டு அனுப்புவார்கள். எனக்கு வந்தது நீளம், அகலம், உயரம், எஞ்சின், குதிரைத்திறன். இடப்பக்கம் ஸ்பார்க் கார், வலப்பக்கம் நெக்ஸியா கார். கடைசியில் ஒரு முத்தம்கூட இல்லை. ‘நிதானமாகப் படி’ என்று மட்டும் எழுதியிருந்தார்.

ரவ்ஷன் கொரியாவில் ஒரு இரும்புப் பட்டறையில் வேலை செய்கிறார். அங்கே போகிறவர்களுக்கு விசா நான்கு வருடம் பத்து மாதம். எங்கள் தாஷ்கண்ட் குடியிருப்பில் அதற்கு நாலு-பத்து என்றே பெயர். “உன் தம்பி எங்கே?” என்று கேட்டால், “நாலு-பத்துல இருக்கான்” என்பார்கள், ஜெயிலில் இருப்பவனைச் சொல்வதுபோல. ரவ்ஷனுடைய நாலு-பத்து வரும் மார்ச்சில் முடிகிறது. ‘நவ்ரூஸ் புத்தாண்டுக்கு வீட்டில் இருப்பேன், அப்புறம் எங்கும் போகமாட்டேன்’ என்று போன கோடையில் அவர் வாயாலேயே சொன்னார். நான் அந்தப் பேச்சைப் பிடித்துக்கொண்டுதான் டிசம்பர் வரை வந்திருந்தேன். இப்போது பதிவு செய்தால் வண்டி கைக்கு வர மூன்று மாதமாகும். அவர் இறங்கும் நாளன்று எங்கள் மகள் லைலோவோடு விமான நிலையத்துக்கு நானே ஓட்டிக்கொண்டு போக வேண்டும், திரும்பி வரும்போது அவர் ஓட்ட வேண்டும். என் ஆசை அவ்வளவுதான். அதற்காகவே நாற்பத்திரண்டு வயதில் ஓட்டுநர் பள்ளிக்குப் போய், சின்னப் பையன்களுக்கு நடுவில் உட்கார்ந்து பரீட்சை எழுதியிருந்தேன்.

நான் ஆண்களுக்கு உடை தைக்கும் கடையில் துணி வெட்டுகிறவள். எண்களைப் பார்த்து எனக்குப் பயமில்லை. மறுநாள் கடையில், அட்டவணையில் என் ஃபோன் திரையில் தெரிந்த வரிகளை மட்டும் பழுப்புத் தாளில் பெரிதாக எழுதி வெட்டுமேசையில் விரித்தேன். ஸ்பார்க் மூன்று மீட்டர் அறுபத்து நான்கு, நெக்ஸியா நாலேகால் மீட்டருக்கும் மேல். ஸ்பார்க்கின் டிக்கியில் இரண்டு தர்பூசணி வைத்தால் மூடி மூடாது. நெக்ஸியாவில் ஒரு ஆட்டையே படுக்க வைக்கலாம். குதிரைத்திறனில் நெக்ஸியா பெரிய மனுஷன். பெட்ரோல் குடிப்பதிலும் பெரிய மனுஷன்தான்.

பக்கத்து மேசையில் காஜா எடுக்கும் மவ்லுதா அக்கா எட்டிப் பார்த்தாள். அவள் வாய்க்குப் பூட்டு கிடையாது.

“எந்தப் பொசிஷன் வாங்கப்போறே?”

எங்கள் ஊரில் வண்டியின் ரகங்களுக்குப் பொசிஷன் என்று பெயர். முதல் பொசிஷனில் நாலு சக்கரமும் இருக்கையும் இருக்கும், வேறொன்றும் பெரிதாக எதிர்பார்க்கக் கூடாது. பொசிஷன் ஏற ஏற ஏசி, பாட்டு, தானியங்கிக் கியர் எல்லாம் வரும்.

“இன்னும் முடிவு பண்ணலக்கா. அவரு ஸ்பார்க்ல கடைசிப் பொசிஷன் எடுக்கச் சொல்றாரு, ஆட்டோமேட்டிக்.”

“புருஷனுங்கள்லயும் பொசிஷன் இருக்குடி. என் வீட்டுல இருக்கிறது ஒண்ணாம் பொசிஷன். உட்கார்ந்திருக்கும், அவ்ளோதான். உன்னுது டாப்பு. சம்பாத்தியம், பேச்சு, பாசம், எல்லாம் இருக்கு. வண்டிதான் ஷோரூமை விட்டு வெளியவே வரமாட்டேங்குது.”

கடையே சிரித்தது. நானும் சிரித்தேன். ஆனாலும் மாலையில் அவள் வீடு திரும்பும்போது அந்த ஒண்ணாம் பொசிஷன் கதவைத் திறந்து, ‘ஏன் லேட்டு?’ என்றாவது கேட்கும். அதை நினைத்ததும் கத்தரி கோடு மாறிவிட்டது. ஒரு கால்சட்டைக்கான துணி வீண்.

தாளின் அடியில் நான் ஒரு வரி சேர்த்தேன். ‘ரவ்ஷனின் கால்.’ என் கணவர் ஆறடி மூன்று அங்குலம். இந்தக் கடைக்கு முதன்முதலில் கால்சட்டை தைக்க வந்தபோது நான்தான் அளவெடுத்தேன், டேப் போதுமா என்று மவ்லுதா அக்கா அன்றைக்கே கேலி செய்தாள். உள்கால் தொண்ணூறு சென்டிமீட்டர். இன்றும் வருடத்துக்கு இரண்டு கால்சட்டை தைத்து, கொரியா போகிறவர்கள் கையில் கொடுத்தனுப்புகிறேன். போன தடவை ‘இடுப்பில் ரெண்டு அங்குலம் குறை’ என்று எழுதினார். குறைத்தேன். எந்தப் பக்கம் இளைத்தார், எங்கே எலும்பு தெரிகிறது, ஒன்றும் எனக்குத் தெரியாது. என் கணவரின் உடம்பை நான் ஒரு எண்ணாகத்தான் அறிந்திருக்கிறேன். இதை யாரிடமும் சொன்னதில்லை.

அட்டவணையில் ஒரு வரி எனக்குப் பிடிக்கவில்லை. ‘எரிபொருள்: பெட்ரோல் மட்டும். காஸ் வேண்டாம்.’ எங்கள் ஊரில் பாதி வண்டிகள் காஸில் ஓடுகின்றன. சிலிண்டர் வைத்தால் டிக்கி போய்விடும் என்பது உண்மைதான். நான் அவருக்குக் குரல்செய்தி அனுப்பினேன், எல்லாரும் வைக்கிறார்களே, செலவு மிச்சம்தானே என்று. பதில் வந்தது.

“வேணாம்மா. காஸ் போடுற இடத்துல மணிக்கணக்கா நிக்கணும். குளிர்ல லைலோவைக் கூட்டிக்கிட்டு எங்க நிப்பே? சொன்னா கேளு.”

காஸ் நிலைய வாசலில், வண்டி உள்ளே போகுமுன் ஓட்டுபவரைத் தவிர எல்லாரும் இறங்கிவிட வேண்டும். அவர்களுக்காக ஒரு நீளமான பெஞ்சு போட்டிருப்பார்கள். பெண்களும் பிள்ளைகளும் அதில் உட்கார்ந்து, வெயிலையும் குளிரையும் வரிசையையும் திட்டிக்கொண்டிருப்பார்கள். கணவன் காஸ் நிரப்பிக்கொண்டு அந்தப் பக்கமாக வருவான், இவர்கள் எழுந்து முணுமுணுத்துக்கொண்டே ஏறுவார்கள். நகரத்தில் எல்லாருக்கும் வெறுப்பான இடம் அது. எனக்கோ அந்தப் பெஞ்சின்மேல் அப்படி ஒரு ஆசை. லைலோவை மடியில் சாய்த்துக்கொண்டு அரைமணி நேரம் அவரை எதிர்பார்த்து உட்கார வேண்டும், அரைமணி கழித்து அவர் வர வேண்டும். நாலு வயதில் அப்பாவை வழியனுப்பிய பெண்ணுக்கு இப்போது ஒன்பது. அவளுக்கு அப்பா என்றால் ஃபோன் திரையில் தோளுக்குமேல் தெரியும் ஒரு முகம்தான். காஸ் வேண்டாம் என்று அவர் சொன்னபோது என் பெஞ்சை யாரோ தூக்கிக்கொண்டு போனதுபோல இருந்தது.

வியாழக்கிழமை மதிய இடைவேளையில் டேப்பைக் கழுத்தில் போட்டபடியே ஷோரூமுக்குப் போனேன். சர்தோர் என்ற விற்பனைப் பையன், இருபத்தெட்டு வயதிருக்கும், கோட்டின் தோள் ஒரு அங்குலம் பெரிது, ஸ்பார்க்கின் கதவைத் திறந்துவிட்டான். நான் ஓட்டுநர் இருக்கையைக் கடைசிவரை பின்னால் தள்ளி, பெடலிலிருந்து இருக்கையின் முதுகுவரை டேப்பைப் பிடித்தேன். பிறகு இருக்கையிலிருந்து ஸ்டியரிங்கின் அடிவரை. பிறகு கூரை. அடுத்து நெக்ஸியாவில் ஏறி அதே மூன்று அளவு. சர்தோர் வேடிக்கை பார்த்தான்.

“அக்கா, வண்டிக்குக் கால்சட்டை தைக்கப் போறீங்களா?”

“வண்டிக்கு ஏத்த கால் ஒண்ணு இருக்கு தம்பி. ஒண்ணு தொண்ணூத்தொண்ணு மீட்டர் உயரம்.”

“அண்ணனா? அப்போ ஸ்பார்க்கை ஓட்டணும்னா முழங்காலை வீட்டுல கழட்டி வச்சுட்டுத்தான் வரணும். நெக்ஸியா எடுங்க. யோசிக்கவே வேணாம்.”

என் டேப்பும் அதையேதான் சொன்னது. “ஆனா அவரு ஸ்பார்க்தான் எடுக்கச் சொல்றாரு” என்றேன்.

“தன் உயரம் அவருக்கே மறந்துபோச்சா? என்ன கணக்குப் போட்டிருக்காரு, காட்டுங்க பாக்கலாம்.”

ஃபோனைக் கொடுத்தேன். அவன் விரலால் தள்ளித் தள்ளிப் படித்தான். நான் பார்த்ததையெல்லாம் தாண்டி, அடியில் இன்னும் வரிகள் இருந்தன. எனக்குத் தெரியவே தெரியாது. அவன் புருவத்தைத் தூக்கினான்.

“ஸ்டெப்னி எடை. ஸ்பார்க் பதினோரு கிலோ, நெக்ஸியா பதினாறு. அக்கா, ஆறு வருஷமா வண்டி விக்கிறேன். இதை ஒருத்தர்கூட என்கிட்ட கேட்டதில்லை. டிக்கிக் கதவைத் திறக்க எவ்ளோ உயரம் கை தூக்கணும்னுகூட போட்டிருக்காரு. நூத்தி அறுபது சென்டிமீட்டர் ஆளுக்கு எட்டும்னு.”

என் உயரம் நூற்று அறுபது.

ஃபோனை வாங்கி மேலிருந்து மறுபடி படித்தேன். தானியங்கிக் கியர், ஏனென்றால் கியர் போடும்போது நான் சாலையைப் பார்க்க மறக்கிறேன். திரும்பும் வட்டம் சின்னது, ஏனென்றால் எங்கள் கட்டட முற்றத்தில் கால்வாய்க்கும் மல்பெரி மரத்துக்கும் நடுவில் இடமில்லை. காஸ் வேண்டாம், ஏனென்றால் நான் குழந்தையோடு குளிரில் நிற்கக் கூடாது. பக்கத்தில் இன்னொருவர் உட்கார்ந்திருப்பதாக ஒரு வரிகூட அதில் இல்லை. தனியாக இருக்கும் ஒருத்திக்கு அளவெடுத்துத் தைத்த வண்டி அது. தையற்காரியான எனக்கு அது அந்த நிமிடம்தான் புரிந்தது.

வெளியே வாசலுக்கு வந்து அவரைக் கூப்பிட்டேன். அங்கே மணி ஐந்து ஆகியிருக்கும். பின்னால் இயந்திரம் இடிக்கும் சத்தம் கேட்டது.

“என்ன பர்னோ, வேலை நேரத்துல? லைலோ நல்லாருக்காளா?”

“நல்லாருக்கா. லைலோப்பா, ஸ்டெப்னி எடை எதுக்குங்க?”

“பஞ்சர் ஆனா மாத்தணும்ல.”

“யாரு மாத்தணும்?”

இயந்திரம் மட்டும் ஏழெட்டுத் தடவை இடித்தது.

“நேராச் சொல்லுங்க. மார்ச்சுல வர்றீங்களா, இல்லியா?”

“வர்றேன். மூணு மாசம் இருப்பேன்.”

“அப்புறம்?”

“அப்புறம் இன்னொரு நாலு-பத்து. முதலாளி கையெழுத்துப் போட்டுட்டாரு.”

“நீங்க?”

“நானும்தான்.”

“எப்போ?”

“அக்டோபர்ல.”

“அக்டோபர்லேருந்து என்கிட்ட டயர் சைஸ் பேசிட்டிருந்தீங்களா?”

“எப்படிச் சொல்றதுன்னு தெரியலம்மா. இங்கேயே இன்னொரு தடவை கூப்பிடறது எல்லாருக்கும் கிடைக்காது. அங்க வந்து நான் என்ன வேலை பாப்பேன், சொல்லு. வீட்டுக்கு ஒரு அறை சேர்க்கணும், லைலோ படிக்கணும். நீ அழுவேன்னு தெரியும். அதான் உனக்கு என்னென்ன தேவைப்படுமோ எல்லாத்தையும் அதுல எழுதிட்டேன்.”

“உங்களுக்கு அதுல ஒரு வரிகூட இல்லியே.”

“எழுதினேன். என் காலுக்கு ஒரு வரி எழுதிட்டு அழிச்சேன். அந்த வரி இருந்தா நெக்ஸியாதான் வாங்கணும்னு வரும். நெக்ஸியாவை நம்ம முற்றத்துல உன்னால திருப்ப முடியாது. மரத்துல இடிப்பே.”

திட்ட வேண்டும் என்றுதான் வாயைத் திறந்தேன். பொய்யன், கல்நெஞ்சன், எல்லாம் நாக்கு நுனியில் இருந்தது. இரண்டு மாதமாக ஒவ்வொரு இரவும், இந்த மனுஷன் அங்கே ஒரு அடுக்குக் கட்டிலில் கால் நீட்ட முடியாமல் படுத்துக்கொண்டு, நான் எதைத் தூக்குவேன், எது எனக்கு எட்டும், எங்கே இடிப்பேன் என்று தேடித் தேடி எழுதியிருக்கிறார். இவ்வளவு தெரிந்த ஒருவரை எப்படித் திட்டுவது? இவ்வளவு தெரிந்தவர் ஏன் என் பக்கத்தில் இல்லை?

“சாப்பிட்டீங்களா?” என்றேன்.

“இன்னும் இல்லை. எந்த வண்டி எடுக்கிறே?”

“போய் வேலையைப் பாருங்க” என்று சொல்லி வைத்துவிட்டேன்.

உள்ளே சர்தோர் நெக்ஸியாவின் விண்ணப்பத்தை எடுத்து வைத்திருந்தான். பேரம் முடிந்த சந்தோஷம் அவன் முகத்தில்.

“ஸ்பார்க் எழுதுங்க தம்பி” என்றேன்.

“அப்போ அண்ணன் காலு?”

“ஸ்டெப்னியை எடுத்துக் காட்டுங்க.”

அவன் விநோதமாகப் பார்த்தான். ஆனாலும் டிக்கியைத் திறந்து, விரிப்பைத் தூக்கி, திருகைக் கழற்றினான். “இருங்க, நான் எடுக்கிறேன், கை அழுக்காகும்” என்று குனிந்தவனை விலக்கிவிட்டு நானே கையை விட்டேன். ரப்பர் வாசனை புதிதாக இருந்தது. சக்கரத்தின் விளிம்பைப் பிடித்து, மூச்சைப் பிடித்துக்கொண்டு ஒரே இழுப்பில் தூக்கினேன்.

வந்துவிட்டது. இடுப்புவரை தூக்கினேன், மார்போடு அணைத்துப் பிடித்தேன், இரண்டடி நடந்துகூடப் பார்த்தேன். முதுகு வலிக்கவில்லை. அவர் போட்ட கணக்கில் ஒரு கிலோகூடப் பிசகில்லை. ஐயோ, இன்னும் கொஞ்சம் கனமாக இருந்திருக்கக் கூடாதா, என்னால் முடியவில்லை, நீங்கள் வந்துதான் ஆக வேண்டும் என்று சொல்கிற அளவுக்கு? சக்கரத்தைத் தரையில் வைத்துவிட்டு அதன் பக்கத்திலேயே உட்கார்ந்து அழுதேன்.

சர்தோர் பதறிப்போய் ஓடிவந்தான். “கால்ல போட்டுக்கிட்டீங்களா அக்கா?”

“ஆமா தம்பி” என்றேன்.