கூடை கவிழும் காட்சி

ஹட்டனிலிருந்து தேயிலைத் தோட்டத்துக்கு வந்திருந்த தனுஜா, யூடியூபில் வெளியிடுவதற்காக ஒரு குறும்படம் எடுத்துக்கொண்டிருந்தாள். இரண்டு பெண்கள் சண்டையிடும் காட்சிக்கு மீனம்மாவையும் பேச்சியம்மாவையும் வேலையை மேற்பார்க்கும் கங்காணியே தெரிந்தெடுத்துக் கொடுத்திருந்தார். "லயத்துல ஒரே வரிசைல பக்கத்துப் பக்கத்து வீடு. நல்லா ஒத்துப் போவாங்க" என்றார்.

இருவரும் பேசி இரண்டு மாதமாகிறது என்பது அவருக்குத் தெரியாது. மறுப்பவள் காரணமும் சொல்ல வேண்டிவரும் என்பதால், இருவருமே தலையாட்டிவிட்டார்கள்.

பதினெட்டு வருடங்களாக அடுத்தடுத்த செடி நிரையில் தேயிலைக் கொழுந்து பறிப்பவர்கள் அவர்கள். முதலில் முடிப்பவள் மற்றவளின் நிரைக்குள் மேல்முனையிலிருந்து புகுந்து, எதிரே பறித்துக்கொண்டு வருவாள். மீனம்மாவின் மகளுக்குப் பூப்புச் சடங்கு நடந்த நாளிலிருந்து அது நின்றுபோயிற்று. பேச்சியம்மா தன் நிரையை முடித்ததும் மரத்தடியில் போய் உட்கார்ந்துவிடுகிறாள்.

பகல் சாப்பாட்டு நேரத்தில் படப்பிடிப்பு தொடங்கியது.

"நீங்க அவங்க கூடைய எட்டி ஒதைக்கணும்க்கா. கொழுந்து கொட்டணும். அப்புறம் முடியப் புடிச்சு இழுக்கணும்" என்று தனுஜா மீனம்மாவுக்கு விளக்கினாள்.

"பொம்பளைங்க சண்டைன்னா அப்பிடித்தானா மிஸ்? நாங்க பேச மாட்டோம், அவ்வளவுதான்."

"பேசாம இருந்தா யாருக்கா பாப்பாங்க?"

மீனம்மா கூடையைப் பார்த்தாள். நாளைக்கு லயத்திலுள்ள அத்தனை போன்களிலும் இது ஓடும். பேச்சியின் தலைமுடியைப் பிடித்து இழுத்த கையோடு, பிறகு எந்த முகத்துடன் அவள் வாசலில் போய் நிற்பது?

தனுஜா கையசைத்தாள். மீனம்மா கண்ணை மூடிக்கொண்டு காலால் தள்ளினாள். கூடை கவிழ்ந்தது. கொழுந்து சிதறிய மறுகணமே, இருவரும் ஒன்றாகக் குனிந்து அதை அள்ளத் தொடங்கியிருந்தார்கள்.

"கட்! ஏன்க்கா பொறுக்குறீங்க?"

"கொழுந்து மண்ணுல கெடக்குதே மிஸ்."

இரண்டாம் முறையும் அப்படியேதான் ஆயிற்று. மூன்றாம் முறை, குனிந்தபடியே பேச்சியம்மா மெல்லக் கேட்டாள்.

"நடுவுல ஒரு செவருதான இருக்கு? ஒரு வெத்தலத் தட்டு தூக்கிட்டு வந்து சடங்குக்குக் கூப்புட ஒனக்குக் கை வரலையா?"

மீனம்மாவின் விரல்கள் மண்ணிலேயே நின்றன. "ஊரெல்லாம் போயி அழைச்சேன் பேச்சி. நீ வீட்டு ஆளுதானன்னு விட்டுட்டேன்."

"வீட்டு ஆளுக்குத் தட்டு கெடையாதா?"

"கட்! சத்தமாச் சொல்லுங்கக்கா. இந்த வசனமே இல்லையே! 'என் புருஷன விட்டுடு'ன்னு கத்துங்க."

பேச்சியம்மா நிமிர்ந்தாள். "எம் புருஷன யாரு மிஸ் புடிச்சு வச்சிருக்கா? வேணும்னா இவ கூட்டிட்டுப் போகட்டும். எனக்குச் சோறு மிச்சம்."

சுற்றி நின்ற பெண்கள் கொல்லென்று சிரித்தார்கள். மீனம்மாவும் சிரித்துவிட்டாள். பேச்சியம்மா மட்டும் சிரிக்கவில்லை. கூடையை எடுத்துக்கொண்டு நடந்துவிட்டாள்.

மலையை மூடிக்கொண்டு பனி இறங்கியது. வேறு நடிகைகளை அழைத்துக்கொண்டு இன்னொரு நாள் வருவதாகச் சொல்லி, தனுஜா வருத்தத்துடன் கமராவை மூடினாள்.

பிற்பகல் வேலை தொடங்கிற்று. மீனம்மாவுக்குக் கை ஓடவில்லை. கேட்க வேண்டியதைப் பேச்சி கேட்டுவிட்டாள். நான் சொன்னது பதிலா, சாக்கா? பாதி நிரையில் நின்றபோது, அதே நிரையின் மேல்முனையில் கொழுந்து ஒடியும் சத்தம் கேட்டது. அவள் தலை நிமிரவில்லை. சத்தம் நெருங்கி வந்தது.

"இந்த லெச்சணத்துல பறிச்சா நாளைக்குத்தான் வீடு போய்ச் சேருவ."

"நாளைக்குச் சாயங்காலம் வீட்டுல இரு" என்றாள் மீனம்மா.

"எதுக்கு?"

"தட்டு கொண்டாறேன்."

"சடங்கு முடிஞ்சு ரெண்டு மாசம் ஆச்சுடி."

"ஆனா என்ன?"

பேச்சியம்மா இரண்டு செடிகளைப் பறித்து முடித்தாள்.

"வெத்தல வாடாததாப் பாத்து வாங்கு" என்றாள்.