ரேணுகாவின் குரல் மட்டும்

1

இந்தக் கதை நான் ஒட்டுக்கேட்டது. அம்பத்தூரில், காது பரிசோதனை செய்யும் ஓர் இடத்தில், என் முறைக்காகக் காத்திருந்தேன். எனக்கு முன்னால் வந்திருந்த பெண் வரவேற்பு மேசையில் சொல்லிக்கொண்டிருந்தாள்:

"எல்லாரு பேசறதும் அவருக்குக் கேக்குது. நான் பேசறது மட்டும் கேக்கல."

மேசையில் இருந்தவள் சிரித்தாள். "எல்லா ஊட்லயும் அப்படித்தான்க்கா."

வந்த பெண் சிரிக்கவில்லை. பக்கத்தில் நின்ற கணவன் போனைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவனுக்கு மேசைக்காரி சொன்னது கேட்டது, லேசாகப் புன்னகைத்தான். அந்தப் புன்னகை எனக்குப் பிடிக்கவில்லை. அன்றிலிருந்து அவனைச் சந்தேகப்பட்டுக்கொண்டிருக்கிறேன்.

2

பெயர் வைத்தேன்: ரேணுகா, கௌதம். மண்ணூர்பேட்டையில் மாடி வாடகை வீடு கொடுத்தேன். கௌதமுக்கு அம்பத்தூர் தொழிற்பேட்டையில், அதாவது எஸ்டேட்டில் வேலை. தகட்டை அடித்து வளைக்கிற பிரஸ் மிஷினை ஓட்டுகிறான்.

முதல் வரி: "கொரட்டூர் ஏரியின் மேல் மாலை வெயில் மெல்லச் சாய்ந்துகொண்டிருந்த அந்த"

வேண்டாம். ஏரிக்கும் இவர்களுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை.

இன்னொரு முதல் வரி: "அவன் நடிக்கிறான் என்றுதான் ரேணுகா நினைத்தாள்."

இது நிற்கும். நினைத்ததோடு அவள் விடவில்லை, சோதித்தாள். அவன் முதுகுக்குப் பின்னால் தட்டைக் கீழே போட்டாள், திரும்பினான். எதிர்வீட்டு ஜெயப்பிரியாவை வாசலில் நின்று கூப்பிடச் சொன்னாள், "இன்னா அண்ணி?" என்று எழுந்து போனான். பிறகு ரேணுகா அவனுக்கு நேர் பின்னால் நின்று, அவனை, அவன் அம்மாவை, அவன் வம்சத்தையே வாயில் வந்தபடி திட்டினாள். அவன் வேர்க்கடலையை உரித்து ஊதித் தின்றுகொண்டிருந்தான். நடிக்கிறவனாக இருந்தால் கழுத்தாவது விறைத்திருக்கும். அவள் கழுத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

டாக்டர் காதில் குறையே இல்லை என்றார். அப்புறம் அவளை ஒரு மாதிரி பார்த்து, "உங்களுக்குள்ள எதுனா சண்டையாம்மா?" என்று கேட்டார்.

3

அவன் கம்பெனி ஃபோர்மேன் கஜபதி. கம்பெனியிலும் அவன் இப்படித்தானா என்று கேட்க, சாப்பாட்டு நேரத்தில் ரேணுகா அவரைத் தேடிப் போனாள். அவர் விஷயத்தைக் கேட்டதும் டிபன் பாக்ஸை மூடிவிட்டார்.

"உன்னிய ஒத்து புடிச்சிட்டான்மா."

"அப்படின்னா?"

"மிஷினு மக்கர் பண்ணிச்சின்னா மேல கைய வச்சிகினு, அது அதிர்ற மாதிரியே தொண்டயில அதிரணும். அத்தோட சத்தமும் உன் சத்தமும் ஒண்ணா ஒத்துச்சின்னா, நீ நெனச்சத அது செய்யும்."

"அப்பால?"

"அப்பால அந்த சத்தம் உன் காதுக்குக் கெடயாது. அதான் வெல. தோ, அந்த மிஷினு ஓடிகினு கீதா இல்லியான்னு நான் கண்ணால பாத்தாத்தான் தெரியும்."

"மனுஷங்கள புடிக்கலாமா?"

"புடிக்கக் கூடாது."

"முடியுமா?"

"ஒரு தபா முடியும். மறுபடி புடிக்க அந்தக் குரலு காதுல கேக்கணுமே. ஆனா புடிச்சா புடிச்சதுதான், விடாது."

[இந்த வித்தை நான் கட்டியது. எஸ்டேட்டில் யாரும் இப்படிச் செய்வதில்லை. மனைவி பேசுவதைக் கேட்பதில்லை என்று முடிவெடுத்த கணவன்மார் தெருவுக்கு நான்கு பேர் இருக்கிறார்கள். அதற்குக் கதை எதற்கு? ஆனாலும் கஜபதி மேல் எனக்கு நம்பிக்கை குறைவு. விதிகளை இவ்வளவு கோர்வையாகச் சொல்லும் ஆள், எழுதுகிறவன் அனுப்பிய ஆளாகத்தான் இருப்பான்.]

4

அவள் பேச்சு அவனுக்குக் கேட்காது என்பதால் ஒரே அறையில் உட்கார்ந்து வாட்ஸ்அப்பில் கேட்டாள்.

"என்னிய ஒத்து புடிச்சியா?"

அவன் போனைப் பார்த்தான். அவளைப் பார்த்தான். பதிலை வாயால் சொன்னான்.

"உனக்கு டெங்கு வந்துச்சே, அப்ப. ரத்தத்துல அணு எறங்கிகினே போச்சு. பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போங்கன்னுட்டாங்க. ஆம்புலன்ஸ் வர்ற வரைக்கும் தாங்குவியான்னு தெரில. நீ மொனகிகினு இருந்த. நெஞ்சு மேல கைய வச்சி அத்தயே புடிச்சேன். பொழச்சிக்கன்னு நெனச்சேன். வேற ஒண்ணும் இல்ல."

"ஏன் சொல்லல?" என்று மறுபடி டைப் செய்தாள்.

"நம்ப மாட்டன்னு."

அவள் அழுதாள். அவன் அவள் கண்ணைத் துடைத்தான். கதையை இங்கே முடித்திருந்தால் பத்திரிகைக்காரர்கள் சந்தோஷமாக வாங்கியிருப்பார்கள்.

ஆனால் ரேணுகாவுக்கு வேறொன்று நினைவுக்கு வந்தது. காய்ச்சலுக்கு முந்தின வாரம் அவள் கிளம்புவதாக இருந்தாள். கௌதம் தினமும் அவள் போனைப் பிடுங்கி, யார் கூப்பிட்டது, எதற்குக் கூப்பிட்டது என்று நோண்டிக்கொண்டிருந்தான். பொறுத்துப் பார்த்துவிட்டு, அரக்கோணத்தில் இருக்கும் அக்கா யுவராணி வீட்டுக்குப் போய்விடுவதென்று பையைக் கட்டினாள். மறுநாள் காலையில் எழுந்து, கட்டின பையை அவளே பிரித்து, புடவைகளை அடுக்கி வைத்துவிட்டு, இட்லி ஊற்றினாள். ஏன் பிரித்தாள் என்று அவளுக்கே தெரியவில்லை. அந்த நாட்களில் இருவருக்கும் பேச்சில்லை, ஆனால் அவள் தூக்கத்தில் முனகுகிறவள். அவன் காதில் அவள் குரல் எப்போது நின்றது என்று யாருக்குத் தெரியும்?

ஒரு தடவைதான் பிடிக்க முடியும். ஒன்று, அவன் அவள் உயிரைப் பிடித்தான். இல்லையென்றால், போகவிடாமல் அவள் காலைப் பிடித்தான்.

5

ஒரு முடிவு எழுதிப் பார்த்தேன். ராத்திரி ஷிப்ட் முடிந்து கௌதம் பகலில் தூங்குகிறான். ரேணுகா அவன் நெஞ்சில் உள்ளங்கையை வைத்து, அவன் குறட்டைக்குக் கீழே ஓடும் குரலைத் தேடிப் பிடிக்கிறாள். உண்மையைச் சொல் என்று நினைக்கிறாள். அவன் கண்ணைத் திறந்து சொல்லத் தொடங்குகி

நிறுத்தினேன். அவன் சொல்வது இனி அவளுக்குக் கேட்காதே. என் விதியே என்னை மாட்டிவிட்டது. ரேணுகாவும் அதை யோசித்திருப்பாள். கையை எடுத்துக்கொண்டாள்.

6

அவள் கண்டுபிடித்த வழி எளிமையானது. காலைப் பிடித்திருந்தால் கால் எழாது. ரயில் ஏறிப் பார்த்தால் தெரிந்துவிடும்.

பையை எடுத்துக்கொண்டு கொரட்டூர் ஸ்டேஷனுக்குப் போனாள். இதை எழுதும்போதே எனக்குக் கலக்கமாக இருந்தது. ஏற முடியவில்லையென்றால் அவன் பொய்யன். அந்தப் பொய்யனிடமே அவள் திரும்ப வேண்டும். ஏற முடிந்தால் அவன் சொன்னது நிஜம். உயிரைக் காத்தவனை விட்டுவிட்டு அவள் ரயிலில் நிற்பாள்.

ஜெயப்பிரியா சொல்லி கௌதம் ஓடி வந்தான். கசங்கின சட்டை, காலில் செருப்பில்லை. கூட்டத்தை விலக்கிக்கொண்டு வரும்போதே அரக்கோணம் லோக்கலும் வந்து நின்றது.

ரேணுகா காலைத் தூக்கினாள். எழுந்தது. மற்ற காலும் எழுந்தது. வாசல் கம்பியைப் பிடித்துக்கொண்டு உள்ளே நின்று, தன் பாதங்களைப் பார்த்தாள்.

அவன் பொய் சொல்லவில்லை. [கஜபதியின் விதி சரியாக இருந்தால்.]

நான் இத்துடன் கதை தீர்ந்துவிட்டதாக நினைத்தேன். சந்தேகம் தீர்ந்தால் இறங்கிவிடுவாள் என்று எழுதவும் செய்தேன். ஆனால் அவள் இறங்க மறுத்தாள். உயிரைக் காத்தவனும் போனைப் பிடுங்கியவனும் ஒரே ஆள்தான். அதற்கு நான் விதி எதுவும் எழுதி வைக்கவில்லை.

"ரேணு, எதுனா சொல்லு" என்றான் கௌதம். வண்டி அசைந்தது. அவன் கூடவே நடந்தான்.

அவள் குனிந்து, அவன் முகத்துக்கு நேராக, ஒரு முழு வாக்கியம் சொன்னாள். வாட்ஸ்அப்பில் அனுப்பியிருக்கலாம். வாயால் சொல்லத்தான் அவளுக்குத் தோன்றியது.

அவனுக்கு அது கேட்காது. எனக்கும் கேட்கவில்லை, எதிர்த் தடத்தில் ஒரு வண்டி ஹாரன் அடித்துக்கொண்டு போனது. இதுவரை கூடவே படித்து வந்த நீங்கள்தான் அவள் பக்கத்தில் இருந்தீர்கள். நடைமேடை தீரப்போகிறது. அவன் உங்களைப் பார்த்துக் கேட்டுக்கொண்டே ஓடிவருகிறான்:

"அவ இன்னா சொன்னா?"