வாய்தாவுக்குப் பதினோரு அடி

தீர்ப்பை நிறைவேற்றக் கோரிய மனுவின் முதல் வாய்தா அன்று வீடு மேற்கே பதினோரு அடி நகர்ந்தது. பத்தரைக்கு வழக்கைக் கூப்பிட்டார்கள், பத்தே முக்காலுக்கு வேறு தேதிக்குத் தள்ளிவைத்தார்கள். அந்தக் கால் மணி நேரத்துக்குள் சுவர், ஓடு, உள்ளே சவரம் செய்துகொண்டிருந்த அண்ணன் எல்லாம் சேர்ந்து போய்விட்டது. அண்ணனுக்குக் கன்னத்தில் ஒரு கீறல். வேறு சேதம் இல்லை.

அப்பா தங்கைக்கு எழுதிவைத்த வீடு அது. அண்ணன் உள்ளே புகுந்து உட்கார்ந்துகொண்டு, முடிந்தால் கோர்ட்டில் பார்த்துக்கொள் என்று சொல்லிவிட்டான். பத்தொன்பது வருடம் கழித்து, வீடு தங்கைக்கே என்று தீர்ப்பானது. அவள் தையல்காரி. சாரத்திலிருந்து விழுந்த கணவன் இடுப்புக்குக் கீழே அசைவில்லாமல் வாடகைக் கொட்டகையில் கிடந்தான். கொட்டகையை இடிக்கப்போவதாக அதன் சொந்தக்காரர் மூன்று முறை சொல்லிவிட்டார். அவள் பெரிதாக ஒன்றும் ஆசைப்படவில்லை. அவன்மேல் மழை விழாத நாலு சுவர் போதும்.

நீதிமன்ற அமீனா உத்தரவோடும் அளவு நாடாவோடும் வந்தார். தீர்ப்பில் சொன்ன நான்கு எல்லைக்குள் வீடு முழுதாக இல்லை, மேற்கே பதினோரு அடி வெளியே நீட்டிக்கொண்டிருந்தது. சொன்ன இடத்தில் சொத்து இல்லை என்று எழுதி உத்தரவைத் திருப்பிவிட்டார். எல்லையைத் திருத்த மனு போட்டார்கள். அதற்கு ஒரு வாய்தா, இன்னொரு பதினோரு அடி. திருத்திய காகிதம் கைக்கு வரும்போதெல்லாம் வீடு அதற்கு முந்திக்கொண்டது. அவசர மனு போட்டால் அதற்கும் ஒரு வாய்தா. வழியில் இருந்தவர்கள் கொடிக்கயிற்றை அவிழ்த்து இடம் விட்டார்கள். மின்வாரிய ஆள் மாதம் ஒரு முறை வந்து கம்பியை நீட்டிக் கொடுத்துவிட்டுப் போனார். மேற்கே ஊர் எல்லைக் கல் இருந்தது. அதைத் தாண்டினால் வேறு நீதிமன்றம். தங்கை தினமும் வீட்டுக்கும் கல்லுக்கும் நடுவே நடந்து அளந்தாள். முதலில் எழுநூறு காலடி இருந்தது. எட்டு வருடத்தில் முப்பதானது.

அன்று அவள் நீதிபதி முன்னால் அழுதேவிட்டாள். நீதிபதி கெட்டவர் இல்லை. "பூட்டை உடைக்கச் சொல்லலாம்மா, ஆளை வெளியேத்தச் சொல்லலாம். வீட்டைப் பாத்து நில்லுன்னு சொல்ல எனக்கு அதிகாரம் இல்லையே" என்றார். எங்கே நிற்கிறதோ அங்கேயே ஒப்படைக்கலாமா என்று யோசிக்க அவருக்கு மேலும் ஆறு வாய்தா பிடித்தது. ஆறாவது வாய்தா அன்று அவள் கோர்ட்டுக்குப் போகாமல் வீட்டின் மேற்குச் சுவரில் இரண்டு கையையும் ஊன்றிக்கொண்டு நின்றாள். "நில்லேன், உனக்குக் கோடிப் புண்ணியமாப் போகும்" என்று கெஞ்சினாள். சுவர் அவளை மெதுவாகத் தள்ளிக்கொண்டே பதினோரு அடி போனது. கல் வீட்டுக்கு அடியில் மறைந்தது.

உத்தரவும் அன்றுதான் கிடைத்தது. அமீனா வீட்டுக்குள் சுண்ணாம்பால் குறுக்கே கோடு போட்டார். சமையலறையும் பின்வாசலும் கல்லுக்கு இந்தப் பக்கம், கூடமும் தலைவாசலும் அந்தப் பக்கம். இந்தப் பக்கத்தை அவளிடம் ஒப்படைத்துக் கையெழுத்து வாங்கினார். கூடத்துக் கதவை அண்ணன் தன் பக்கமிருந்து தாழிட்டுக்கொண்டான்.

"மிச்சத்துக்கு அந்த ஊர் கோர்ட்டுல போட்டுடலாம்மா. அடுத்த மாசமே வாய்தா வாங்கித் தரேன்" என்றார் அவள் வக்கீல்.

"ஐயா சாமி, வேண்டாம்" என்றாள். இன்னொரு பதினோரு அடி போனால் சமையலறையும் கல்லைத் தாண்டிவிடும்.

பின்வாசல் ஆள் ஒருக்களித்து நுழையும் அகலம்தான். கணவனை உட்கார்ந்தவாக்கில் தூக்கி உள்ளே நுழைத்து, அடுப்புப் பக்கத்தில் கட்டிலைப் போட்டாள். அண்ணன் தன் பக்கத்துக் குழாயை அடைத்தான், அவள் தெருவிலிருந்து தண்ணீர் சுமந்தாள். கூரைக்குமேல் ஏறி அவள் பக்கத்து ஓடு நாலைப் பிரித்து வைத்தான், அவள் தார்ப்பாய் கட்டினாள். ஒருவரிடமும் புகார் சொல்லவில்லை. நாலு வருடம் அப்படியே போனது. கணவன்மேல் மழை விழவில்லை.

ஒரு புதன்கிழமை அவன் இறந்தான். முழங்கால் மடங்கியபடியே உடல் விறைத்துவிட்டது, பின்வாசலில் எந்தப் பக்கம் திருப்பினாலும் நுழையவில்லை. அவள் கூடத்துக் கதவைத் தட்டினாள். "அண்ணா, ஒரே ஒரு தடவை கதவைத் திற. தலைவாசல் வழியா கொண்டு போயிடறோம்."

உள்ளே செருப்புச் சத்தம் கதவு வரை வந்து நின்றது. "கோர்ட்டுல உத்தரவு வாங்கிட்டு வா."

அவள் கடப்பாரை வாங்கி வந்து பின்சுவரில் ஆள் அகலத்துக்குத் தானே உடைத்தாள். அக்கம்பக்கத்தார் வந்து அவனை அந்த வழியாக எடுத்துப் போனார்கள். சாயங்காலம் திரும்பி வந்து, செங்கற்களை அடுக்கிப் பூசினாள். பூச்சு காய்வதற்குள் வக்கீல் துக்கம் கேட்க வந்து, புது மனுவைப் பற்றி ஒரு வார்த்தை ஆரம்பித்தார். அவள் பூச்சுக் கரண்டியைக் கீழே போட்டுவிட்டு ஓடிவந்து ஈரச் சிமெண்டுக் கையால் அவர் வாயைப் பொத்தினாள்.