கைதட்டினால் ஆட்டம் போச்சு

மருமகளைப் பற்றி நல்லதாக நாலு வார்த்தை பேசினால், மாமியாருக்கு ஏதோ ஆகிவிட்டது என்று நினைப்பார்கள். நினைத்துக்கொள்ளட்டும். என் மகளின் கல்யாண வரவேற்பில் என் மருமகள் செய்த காரியத்தைச் சொல்லாவிட்டால் எனக்கு மண்டை வெடித்துவிடும்.

சிக்கல் மாப்பிள்ளையின் அப்பாவிடம் ஆரம்பித்தது. சம்பந்திக்கு உள்காதில் ஏதோ கோளாறு. சாதாரணமாகப் பேசினால் ஒன்றுமில்லை. பெரிய சத்தம் கேட்டால் தலை சுற்றி, உட்கார்ந்திருக்கும் நாற்காலியே சாய்வதுபோல் ஆகிவிடுமாம். அதனால் எந்த விசேஷத்துக்குப் போனாலும் பாட்டு ஆரம்பித்ததும் வெளியே வந்து காருக்குள் உட்கார்ந்துவிடுவார். "பெத்த பையன் கல்யாணத்துலயும் இவர் கார்லதான் உக்காரணுமா?" என்று சம்பந்தியம்மா என்னிடம் கேட்டார்.

"அவ்வளவுதானே, பாட்டை எடுத்துட்டா போச்சு" என்றேன். அந்த மனிதர் ஒத்துக்கொண்டால்தானே. "என்னால யாரோட சந்தோஷமும் கெடக்கூடாதும்மா. பாட்டு போடுங்க, நான் வெளிய இருந்துக்கறேன். எனக்காக நிறுத்தினீங்கன்னு தெரிஞ்சா எனக்கு அங்க உக்காரவே கூசும்" என்று சொல்லிவிட்டார். பாட்டு போட்டாலும் வெளியே, போடாவிட்டாலும் வெளியே. நல்ல மனுஷர்களிடம் இதுதான் தொல்லை. பிடித்துச் சண்டை போடவும் முடியாது.

போதாக்குறைக்கு என் தம்பி வேறு. அக்கா மகள் கல்யாணத்துக்குத் தன் பரிசு என்று ஆள் உயரத்துக்கு ஸ்பீக்கர் பெட்டிகளை வாடகைக்கு எடுத்து வந்து மண்டபத்தின் நாலு மூலையிலும் நிறுத்திவிட்டான். ஆட்டம் வேண்டாமே என்று நான் இழுத்ததற்கு, "ஆட்டம் இல்லேன்னா கை கழுவினதும் எல்லாரும் கிளம்பிடுவாங்கக்கா. பொண்ணும் மாப்பிள்ளையும் காலி நாற்காலியப் பாத்து சிரிச்சிட்டு நிக்கணும்" என்றான். அவன் சொன்னதிலும் உண்மை இருந்தது.

என் மருமகளுக்குக் கண் மருத்துவமனையில் வேலை. காத்திருப்போர் அறைதான் அவள் ராஜ்ஜியம். கண்ணில் சொட்டு மருந்து விட்டு, அது வேலை செய்யும்வரை நோயாளிகளை உட்கார வைக்க வேண்டும். மருந்து விட்டபின் படிக்க முடியாது, போனைப் பார்க்க முடியாது, சும்மா உட்கார்ந்தால் பயம் வேறு. பாதிப்பேர் எழுந்து ஓடப் பார்ப்பார்களாம். அவர்களை ஓடாமல் பிடித்து வைப்பதற்கு அவளிடம் ஏகப்பட்ட வித்தைகள் உண்டு.

"மாமாவோட பெட்டிங்க அங்கயே இருக்கட்டும் அத்தை" என்றாள் அவள். "எடுத்தா ஏன்னு கேப்பாங்க. பாட்டு வேண்டாம்னு யாரும் சொல்ல வேண்டாம். பாட்டுன்னு ஒண்ணு இருக்கறதே ஞாபகம் வராம நான் பாத்துக்கறேன்."

இவள் என்ன, ஊரையே கட்டி வைக்கப்போகிறாளா என்று நினைத்தேன்.

வரவேற்பு அன்று மண்டப வாசலில் நின்றுகொண்டு, வந்தவர்களை அவளே கூட்டிப்போய் உட்கார வைத்தாள். பெண் வீடு ஒரு பக்கம், மாப்பிள்ளை வீடு ஒரு பக்கம் என்பதெல்லாம் கிடையாது. வாயாடி பக்கத்தில் ஊமைக்கோட்டான். மருத்துவமனையில் பயப்படுகிறவர் பக்கத்தில் பேசுகிறவரை உட்கார வைப்பாளாம், அதே கணக்கு. மாப்பிள்ளையின் பெரியப்பா வாயைத் திறந்து பார்த்தவர்கள் இல்லை என்று கேள்விப்பட்டிருந்தேன். அவரை என் நாத்தனார் பக்கத்தில் உட்கார வைத்தாள். கொஞ்ச நேரம் கழித்துப் பார்த்தால் அவர் பேசிக்கொண்டிருக்கிறார், என் நாத்தனார் கேட்டுக்கொண்டிருக்கிறாள். என் கண்ணை என்னாலேயே நம்ப முடியவில்லை.

சாப்பாடு முடியும் நேரம் அவள் விளையாட்டை ஆரம்பித்தாள். ஒருவர் நாற்காலியில் உட்கார வேண்டும். கண்ணில் வெள்ளைப் பஞ்சுப் பட்டை கட்டிவிடுவாள். அஞ்சு பேர் ஒவ்வொருவராகக் கையை நீட்டுவார்கள். அதில் ஒரு கை அவருடைய வீட்டாளுடையது. எது என்று தொட்டுப் பார்த்துச் சொல்ல வேண்டும். யாராவது குரல் கொடுத்தால் காட்டிக்கொடுத்ததாகிவிடும் என்பதால் சொல்லாமலேயே மண்டபம் அமைதியாகிவிட்டது.

முதலில் மாட்டியவர் என் வீட்டுக்காரர். மூன்றாவதாக என் கை போனது. தடவிப் பார்த்துவிட்டு, "இது இல்ல. இது ரொம்ப மெத்துன்னு இருக்கு" என்றார்.

மண்டபமே அதிர்ந்தது. ஒரே சிரிப்பு, விசில், கைதட்டல். என் தம்பிதான் எல்லாரையும்விட ஓங்கித் தட்டினான். வெறும் சிமெண்ட் சுவர்களில் அந்தச் சத்தம் பட்டுத் திரும்பியது. சம்பந்தி மேஜை விளிம்பை இறுக்கிப் பிடித்துக்கொண்டார். முகம் வெளுத்துவிட்டது. வாசலைப் பார்த்தார், மெல்ல எழுந்தார்.

எல்லாவற்றையும் யோசித்தவள் இதை மட்டும் யோசிக்கவில்லை. எப்படி யோசிப்பாள்? அவள் வேலை பார்க்கும் இடத்தில் யாரும் கைதட்டுவதில்லை. ஒரு நொடி அவளும் திகைத்து நின்றாள். பிறகு கையை உயர்த்தினாள்.

"ஒரு விதியச் சொல்ல மறந்துட்டேன். கைதட்டினாலும் விசில் அடிச்சாலும் அந்தப் பக்கத்துக்கு ஆட்டம் போச்சு. இப்ப தட்டினது பொண்ணு வீடு. அதனால முறை மாப்பிள்ளை வீட்டுக்கு." அப்படியே சம்பந்தி பக்கம் திரும்பினாள். "அப்பா, நீங்களே எழுந்துட்டீங்க, ரொம்ப நல்லதாப் போச்சு. நீங்க வர வேண்டாம், அங்கயே உக்காருங்க. கைங்க உங்களைத் தேடி வரும்."

வெளியே போக எழுந்த மனிதரை விளையாட வந்தவராக மாற்றிவிட்டாள். எனக்கு அவளை அங்கேயே கட்டிக்கொள்ளலாம்போல் இருந்தது.

சம்பந்தி தயங்கி உட்கார்ந்தார். பட்டையைக் கட்டினாள். இரண்டு கைகளைத் தொட்டு, தலையை ஆட்டி ஒதுக்கினார். அடுத்த கையைப் பிடித்ததும் விடவில்லை.

"என் பையன்" என்றார். "பயந்தா இவனுக்குக் கட்டைவிரல் உள்ள போயிடும். இதுல என்ன பயம்டா உனக்கு?"

மாப்பிள்ளை சிரித்தான், கண் மட்டும் கலங்கியிருந்தது. யாரும் கைதட்டவில்லை. மாப்பிள்ளை வீட்டார் அத்தனைபேரும் இரண்டு கையையும் தலைக்குமேல் தூக்கி ஆட்டினார்கள், சத்தமே இல்லாமல்.

அதன்பிறகு நாங்கள் யாரும் யாரையும் அடக்க வேண்டியிருக்கவில்லை. என் நாத்தனார் தன் கைகளின்மேலேயே உட்கார்ந்துகொண்டாள். எங்களைத் தட்டவைக்க மாப்பிள்ளை வீட்டு இளவட்டங்கள் கோணங்கித்தனம் பண்ண, எங்கள் பக்கம் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கியது. என் தம்பி ஸ்பீக்கர் ஸ்விட்ச் பக்கம் ஒருமுறை போனான். இன்னொருமுறை போனபோது மருமகள் அவனைப் பிடித்து நாற்காலியில் உட்கார வைத்து, பட்டையைக் கட்டிவிட்டாள். சொந்தப் பெண்டாட்டி கையைத் தெரியவில்லை அவனுக்கு. "இன்னொரு வாட்டி, இன்னொரு வாட்டி" என்று ஒற்றைக்காலில் நின்றான். அவனுடைய பெட்டியின்மேல் யாரோ காபி டம்ளர்களை அடுக்கி வைத்திருந்தார்கள்.

ஒருவரும் கிளம்பவில்லை. மண்டபத்துக்காரர் சாவிக்கொத்தைக் குலுக்கிக்கொண்டு வந்து நின்றபிறகுதான் செருப்பைத் தேட ஆரம்பித்தார்கள்.

அப்போது சம்பந்தி என்னிடம் வந்தார். முகம் குழந்தை மாதிரி மலர்ந்திருந்தது.

"உங்ககிட்ட ஒண்ணு சொல்லணும்மா. எனக்காகப் பாட்ட நிறுத்திடுவீங்களோன்னு காலையிலேர்ந்து உதறல். நல்லவேளை, உங்க மருமக விளையாட்டுல பாட்டு போடவே நேரமில்லாம போச்சு. பாவம், உங்க தம்பிதான் இவ்வளவு பெட்டியக் கொண்டுவந்து வெச்சுட்டு..."

அவருக்குப் பின்னால் என் மருமகள் பட்டைகளைப் பொறுக்கிப் பையில் போட்டுக்கொண்டிருந்தாள். நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

நாக்கு நுனிவரை வந்துவிட்டது. யாருக்காக இத்தனையும் என்று சொல்லி, அவளை இழுத்து முன்னால் நிறுத்தி, இவள் என் மருமகள் என்று மார்தட்ட வேண்டும்போல் இருந்தது. சொன்னால் அவளுக்குப் பெயர் கிடைக்கும். அடுத்த விசேஷத்தில் இவர் மறுபடி காருக்குப் போய்விடுவார்.

"ஆமா சம்பந்தி" என்றேன். "நேரமே இல்ல."

அவர் சிரித்துக்கொண்டே ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு மறுபடி உட்கார்ந்தார்.